குடை பிடித்தவரின் பெயர்

“ஏனுங் டீச்சர், அந்தக் குடையப் புடிச்சுட்டு நின்னாரே, அவரு போன வாரம் சாராயக்கடை வெச்சிருந்தவர்தானுங்களே?”

அக்கா, நீங்கள் என்னிடம் பேசிய முதல் வாக்கியம் அதுதான். அதற்கு முன் நாம் வணக்கம்கூடச் சொல்லிக்கொண்டதில்லை. நான் டீச்சர் என்பதை, வேறு யாரிடமோ நான் பேசியதைக் கேட்டே தெரிந்துவைத்திருந்தீர்கள். மில்பிடாஸ் நூலகத்தின் பின்னறையில் புதன்கிழமை மதியம் பழைய ஜப்பானியப் படம் போடுவார்கள். பேத்தியைப் பள்ளியிலிருந்து கூட்டிவர இரண்டு மணி நேரம் இருக்கும். வெளியே வெயில், உள்ளே ஏசி, டீ வேறு தருவார்கள். நான் வந்த காரணம் அவ்வளவுதான். நீங்களும் அப்படித்தான் என்று நினைத்தேன். ஏனென்றால், படம் ஓடும்போது பாதி நேரம் கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தீர்கள். வகுப்பில் கடைசி பெஞ்சில் தூங்கும் பிள்ளைகளை முப்பத்து மூன்று வருஷம் பார்த்தவள் நான். தூங்குகிறவர் சாராயக்கடைக்காரரை எப்போது கவனித்தார் என்று எனக்குப் புரியவில்லை.

“இல்லையே. அவருக்கு மீசை இருந்தது. இவருக்கு இல்லை” என்றேன்.

“மீசைய ஒட்டிக்கலாமுங். குரலை எங்க போயி ஒட்டறது?”

போன புதன்கிழமை அந்தக் கேள்வி திரும்ப என் காதில் விழுந்தது. படம் போடும் ஹரூக்கோ பெரிய ஃபிளாஸ்க்கைத் திறந்தார். வறுத்த பார்லி டீயின் வாசனை அறை முழுக்கப் பரவியது. “சத்துமாவு வறுக்கற மாதிரியே இருக்குதுங்” என்று ஒவ்வொரு வாரமும் தவறாமல் சொல்வீர்களே. நீங்கள் சொல்வதற்காக நான் பக்கத்து நாற்காலியைப் பார்த்தேன். அதில் யாரோ மேல்சட்டையைப் போட்டு வைத்திருந்தார்கள். தமிழ்ச் சங்க மலருக்கு ஏதாவது எழுதித் தரச் சொல்லி இரண்டு மாதமாகக் கேட்கிறார்கள். உங்களுக்கே எழுதிவிடலாம், மற்றவர்களும் கூட இருந்து படிக்கட்டும் என்று அங்கேயே முடிவு செய்தேன்.

படிக்கிறவர்களுக்கு உங்களைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். நீங்கள் கோயமுத்தூர் டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் முப்பத்தொரு வருஷம் ஆபரேட்டர். வெளியூருக்குப் பேச வேண்டுமென்றால் எக்ஸ்சேஞ்சில் பதிந்துவிட்டு, போன் பக்கத்திலேயே காத்திருந்த காலம் அது. ஒரு நாளைக்கு நூற்றுக்கணக்கான குரல்கள் உங்கள் காது வழியாகப் போயிருக்கின்றன. ஒரு முகம்கூட நீங்கள் பார்த்ததில்லை. ‘ஹலோ’ என்ற ஒரு சொல்லை வைத்தே ஆள் யார், சாப்பிட்டாரா இல்லையா, வீட்டில் சண்டையா என்று சொல்லிவிடுவீர்களாம். நான் நம்பவில்லை. மறு வாரம் நான் உள்ளே வந்து, “வணக்கம் அக்கா” என்றதும், கண்ணைத் திறக்காமலே, “என்னங் டீச்சர், மகளோட ஏதோ பேச்சுவார்த்தை ஆயிருச்சுங்களா?” என்று கேட்டீர்கள். ஆகியிருந்தது. பாத்திரம் கழுவும் மிஷினில் இட்லித் தட்டை எப்படி அடுக்குவது என்பதில்.

அன்றிலிருந்து நாம் கதாநாயகனைப் பார்ப்பதை விட்டுவிட்டோம்.

நீங்கள் கண்ணை மூடிக் கேட்பீர்கள். குடைக்காரர் வந்ததும் என் முழங்கையைத் தட்டுவீர்கள். நான் நிமிர்ந்து, அவர் எங்கே நிற்கிறார் என்று தேடுவேன். தேடத்தான் வேண்டும். வருகைப் பதிவேட்டில் பேர் கூப்பிட்டால் ‘உள்ளேன்’ என்று சத்தம் மட்டும் வரும், ஆள் தூணுக்குப் பின்னால் இருப்பான் பாருங்கள், அந்த மாதிரி. அலுவலகக் காட்சியில் மூன்றாவது மேஜையில் முத்திரை குத்திக்கொண்டிருப்பார். கல்யாணத்தில் பெண்ணின் மாமாவாகக் கண்ணைத் துடைப்பார். போலீஸ்காரராக வழி சொல்வார். வாள் சண்டைப் படம் என்றால் முதல் பத்து நிமிஷத்துக்குள் செத்துவிடுவார். “பாவம், டீ குடிக்கக்கூட உட மாட்டேங்கறாங்க” என்று வருத்தப்படுவீர்கள்.

நான் ஒரு கோடு போட்ட நோட்டு வாங்கினேன். படத்தின் வருஷம், அவர் வேடம், எத்தனை முறை வாய் திறந்தார், உயிரோடு இருந்தாரா என்று கட்டம் போட்டேன். படங்களை வருஷ வரிசைப்படி அடுக்கிப் பார்த்தபோது ஒரு மனிதரின் வாழ்க்கை மெல்லத் தெரிய ஆரம்பித்தது. முதல் படங்களில் ஓடிவந்து சேதி சொல்லும் சிப்பாய். முடி அடர்த்தி, பேச்சு வேகம். அப்புறம் குமாஸ்தா. நெற்றி கொஞ்சம் ஏறியிருந்தது. அப்புறம் சத்திரக்காரர், மீன்காரர், பிட்சு. பதினோரு படத்தில் நான்கு முறை இறந்தார். கறுப்பு வெள்ளை போய்க் கலர் வந்ததும் ஆளையே காணோம்.

அந்தக் காலத்தில் ஸ்டுடியோக்கள் நடிகர்களை மாதச் சம்பளத்துக்கு வைத்திருந்தார்கள் என்று ஹரூக்கோ விளக்கினார். காலையில் ஒரு படத்தில் போலீஸ், மதியம் இன்னொரு படத்தில் திருடன். டிவி வந்து ஸ்டுடியோக்கள் நொடித்ததும் சின்ன நடிகர்களைத்தான் முதலில் அனுப்பினார்களாம். நீங்கள் கவலையாகிவிட்டீர்கள்.

“அப்ப பென்ஷன் உண்டுங்களா, அம்மணி?”

உங்களைவிடப் பத்து வயது சின்னவர் என்பதால் ஹரூக்கோவை நீங்கள் அம்மணி என்றுதான் கூப்பிட்டீர்கள். அது ஏதோ தமிழ்ப் பட்டம் என்று நினைத்து அவர் மகிழ்ச்சியாகவே இருந்தார். பென்ஷன் கேள்வியை நான் ஆங்கிலத்தில் மாற்றிச் சொன்னதும், தெரியாது என்று உதட்டைப் பிதுக்கினார்.

முதல் நாள் நீங்கள் கேட்டீர்களே, அந்தக் குடை வரும் மழைப் படத்தை நாம் இரண்டாம் முறை பார்த்தது ஜனவரியில். கதாநாயகி ரயிலடியில் யாருக்கோ காத்திருப்பாள். இவர் வந்து குடை பிடிப்பார். அவள் வேறு பக்கம் பார்த்துக்கொண்டிருப்பாள். இவர் ஒரே ஒரு வரி சொல்வார், அவ்வளவுதான். “அந்தப் புள்ளைக்குப் புடிச்சுட்டுத் தான் நனையறாரு பாருங்க” என்றீர்கள். பார்த்தேன். ஒரு பக்கத் தோள் முழுக்க ஈரம். கேமரா அவரைப் பார்க்கவே இல்லை. ஆனாலும் அவர் நனைந்துகொண்டிருந்தார்.

அன்று வெளியே வரும்போதுதான் உங்கள் மகனுக்கு டெக்சாஸில், இர்விங்கில் வேலை மாறிவிட்டதைச் சொன்னீர்கள். ஏப்ரலில் வீடு மாற்ற வேண்டும். அதைச் சாதாரணமாகச் சொன்னீர்கள். அடுத்ததைச் சாதாரணமாகச் சொல்லவில்லை.

“அதுக்குள்ள அவரு பேரு தெரிஞ்சாகணுமுங் டீச்சர். இது பி.பி. கால்.”

எனக்குப் புரியவில்லை. நடைபாதையிலேயே நின்று விளக்கினீர்கள். சாதாரண காலில் எண் கிடைத்தால் போதும், எடுத்தவர் யாராக இருந்தாலும் பேசலாம். பி.பி. கால் என்றால் இன்ன ஆள் வந்தால்தான் பேசுவேன் என்று பெயர் சொல்லிப் பதிவது. ஆபரேட்டர் அந்தப் பெயரை உரக்கச் சொல்லுவார். அந்த ஆள் எங்கிருந்தாலும் ஓடிவர வேண்டும். மளிகைக் கடையில் ஒரே போன் இருந்த ஊர்களில், தெருவே சேர்ந்து அந்தப் பெயரைக் கூவுமாம்.

“எத்தன பேரப் பேர் சொல்லிக் கூப்புட்டிருப்பேன். ஊரு தெரியாது, மூஞ்சி தெரியாது, பேரு தெரியும். இவரு ஒருத்தர்தான் குரலும் தெரியுது, மூஞ்சியும் தெரியுது, பேரு மட்டும் தெரியல. இப்படியே உட்டுட்டு நான் எங்க போறது?”

என் கையில் இரண்டரை மாதம் இருந்தது. நோட்டும் இருந்தது. கணக்கு டீச்சருக்கு வேறு என்ன வேண்டும்?

டிவிடி அட்டையில் மூன்று நட்சத்திரங்களின் பெயர் மட்டுமே ஆங்கிலத்தில் இருந்தது. படத்தின் ஆரம்பத்தில் எல்லாப் பெயர்களும் ஓடின, ஆனால் ஜப்பானிய எழுத்தில். சப்டைட்டில் போட்டவர் அந்தக் கூட்டத்துக்கு மெனக்கெடவில்லை. நான் சொன்னேன்: “அக்கா, இது பொதுக் காரணிக் கணக்கு. நான்கு படம் எடுப்போம். நான்கு பட்டியலையும் எழுதுவோம். நான்கிலும் வருகிற பெயர் எதுவோ, அதுதான் அவர்.”

எழுதுவோம் என்று சொல்லிவிட்டேன். ஒரு எழுத்தும் தெரியாது. உங்கள் வீட்டு டைனிங் டேபிளில் லேப்டாப்பில் படத்தை நிறுத்தி நிறுத்தி, எழுத்துகளைப் படமாக வரைந்தோம். உங்கள் கை என் கையைவிட நிதானம். ஒன்றை ‘மலைக்கு அடியில பொட்டி’ என்றும் ஒன்றை ‘கூரை வெச்ச ஊடு’ என்றும் பெயர் வைத்துக்கொண்டே வரைந்தீர்கள். இரண்டு வாரம் ஆனது. நான்கு பட்டியலிலும் நான்கு கட்டம் போட்ட ஜன்னல் மாதிரி ஒரு எழுத்தில் தொடங்கும் பெயர் இருந்தது. எழுத்துக்கு எழுத்து அப்படியே. நான் எழுந்து நின்று கை தட்டினேன். நீங்கள் பாசிப்பருப்புப் பாயசம் வைத்தீர்கள்.

அடுத்த புதன்கிழமை பாயசத்தையும் நோட்டையும் கொண்டுபோய் ஹரூக்கோ முன் வைத்தோம். அவர் சான் ஹோசேயில் பிறந்தவர். சின்ன வயதில் சனிக்கிழமை வகுப்பில் ஜப்பானிய எழுத்துப் படித்திருந்தார். பாதி மறந்துபோச்சு, அந்த வகுப்பு டீச்சர் ரொம்பக் கண்டிப்பு என்று சொல்லிக்கொண்டே கண்ணாடியைப் போட்டார். நம் பிள்ளைகள் சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளியைப் பற்றிப் பின்னால் என்ன சொல்லும் என்று அப்போது எனக்குத் தெரிந்துவிட்டது. விரலை வைத்து மெதுவாகப் படித்தார். அப்புறம் சிரிக்க ஆரம்பித்தார். சிரித்து முடித்துப் பாயசத்தைக் கீழே வைத்துவிட்டுச் சொன்னார்.

அந்த ஜன்னல்காரர் நடிகரே இல்லை. நான்கு படத்துக்கும் ஒலிப்பதிவு செய்தவர்.

நடிகர் பட்டியல் எது, மற்றவர்கள் பட்டியல் எது என்றுகூடப் பிரிக்காமல், முதலில் கிடைத்த பொதுக் காரணியோடு நின்றுவிட்டேன். அதே தவறுக்கு எத்தனை பிள்ளைகளுக்கு மதிப்பெண்ணைக் குறைத்திருக்கிறேன்! எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. உங்களுக்கு இல்லை.

“சவுண்டுக்காரருங்களா? அப்ப அவரும் நம்ம ஆளுதான். அந்தக் குரலப் புடிச்சு வெச்சதே அவருதானுங்களே” என்று சொல்லி, அந்த ஜன்னலுக்கும் ஒரு கும்பிடு போட்டீர்கள்.

ஹரூக்கோ நடிகர் பட்டியலை மட்டும் பிரித்துக் கொடுத்தார். மறுபடி கணக்குப் போட்டேன். இந்த முறை ஆறு பெயர்கள் நான்கு படத்திலும் வந்தன. ஒரே ஸ்டுடியோ, ஒரே ஆட்கள். யாருக்கு என்ன வேடம் என்று பட்டியலில் போடவில்லை. ஆறில் ஒருவர் நம் ஆள். எந்த ஒருவர் என்று சொல்ல என் கணக்கில் வழி இல்லை. மார்ச் வந்துவிட்டது. உங்கள் வீட்டுக் கூடத்தில் அட்டைப் பெட்டிகள் ஏற ஆரம்பித்தன.

மீதியை நீங்கள் சொல்லித்தான் எனக்குத் தெரியும். ஆனால் எத்தனையோ முறை சொல்லி, நானும் அங்கே இருந்த மாதிரியே ஆகிவிட்டது.

ஞாயிற்றுக்கிழமை காலை. நீங்கள் அடுப்பில் சாம்பாருக்குத் தாளித்துக்கொண்டிருக்கிறீர்கள். நாற்பத்தாறு வயதான உங்கள் மகன், கீழே ட்ரெட்மில்லில் ஓடிக்கொண்டே டிவியில் ஜப்பானியக் கார்ட்டூன் பார்க்கிறார். கார்ட்டூனில் ஒரு கிழட்டு ஆமை பேசுகிறது. நீங்கள் கடுகு வெடிக்கிற கரண்டியோடு படியிறங்கி ஓடுகிறீர்கள்.

“நிறுத்துடா! நிறுத்துடா அத!”

“என்னம்மா? நெஞ்சு வலிக்குதா? கால் பண்ணட்டுமா?”

“அந்த ஆமைய நிறுத்துடா!”

“அம்மா, வீக்எண்டுல ஒரு மணி நேரம் ரிலாக்ஸ் பண்ண விட மாட்டியா? இது சும்மா கார்ட்டூன் இல்லம்மா, எழுபதுகள்ல வந்த கிளாசிக்.”

“எழுபதா? அப்ப சரியாத்தான் இருக்குது. அந்த ஆமை பேசறது யாருடா? பேரு போடுவாங்களா?”

போடுவார்கள். கார்ட்டூனில் எந்தப் பாத்திரத்துக்கு யார் குரல் என்று பக்கத்தில் பக்கத்தில் போடுவார்கள். அதுவும் இந்தப் பிரதியில் கடைசியில் ஆங்கிலத்தில் இருந்தது. உங்கள் மகன் மூச்சு வாங்கிக்கொண்டே படித்தார். ஆமை: இவாகுரா தோகுஜி.

எனக்குப் போன் வந்தபோது நான் சமையலறையில் இருந்தேன். “டீச்சர், லைட்னிங் கால்” என்றீர்கள். வேறு எந்தக் காலாக இருந்தாலும் கத்தரித்துவிட்டு முதலில் போடுகிற காலாம் அது. பெயரைச் சொன்னீர்கள். நான் நோட்டை எடுத்துக்கொண்டு, மகளைக் காரை எடுக்கச் சொல்லி, உங்கள் வீட்டுக்கு வந்தேன். டிவியில், ஆங்கிலத்துக்கு மேலேயே ஜப்பானிய எழுத்திலும் இருந்த அந்தப் பெயரை நிறுத்தி வைத்திருந்தார் உங்கள் மகன். முதல் எழுத்து மலைக்கு அடியில் பெட்டி. இரண்டாவது கூரை வைத்த வீடு. ஆறு பெயர்களில் நான்காவது. நீங்களே உங்கள் கையால் நான்கு முறை வரைந்திருந்தீர்கள்.

அவர் பட்டினி கிடக்கவில்லை என்பதுதான் அன்று உங்களுக்குப் பெரிய நிம்மதி. முகத்துக்கு வேலை இல்லை என்று அனுப்பியபிறகு குரலை எடுத்துக்கொண்டு இன்னொரு இடத்துக்குப் போய்ச் சேர்ந்திருக்கிறார். “கெட்டிக்காரருங்” என்று ஆமையைப் பார்த்துச் சொன்னீர்கள். சாம்பார் தீய்ந்துபோயிருந்தது. அதையே ஊற்றிச் சாப்பிட்டோம்.

நீங்கள் கிளம்புவதற்கு முந்தைய புதன்கிழமை, நீங்கள் கேட்டுக்கொண்டதால் ஹரூக்கோ மழைப் படத்தையே திரும்பப் போட்டார். இருபது பேர் இருந்திருப்போம். ரயிலடி வந்தது. மழை வந்தது. கதாநாயகி வேறு பக்கம் பார்த்தாள். குடை உள்ளே வந்ததும் நீங்கள் எழுந்து நின்றீர்கள். அதுவரை நான் கேட்காத ஒரு குரல் உங்களிடமிருந்து வந்தது. கோயமுத்தூர் ஏற்ற இறக்கம் எதுவும் இல்லாத, தெளிந்த, அவசரமில்லாத குரல். முப்பத்தொரு வருஷம் ஊர் ஊராகப் போய் ஆட்களை எழுப்பிய குரல்.

“இவாகுரா தோகுஜி. இவாகுரா தோகுஜி. லைன்ல இருக்காங்க. பேசலாம்.”

யாருக்கும் தமிழ் தெரியாது. பெயர் மட்டும் எல்லாருக்கும் புரிந்தது. ஹரூக்கோ படத்தை நிறுத்தினார். திரையில் அவர் குடையோடு நின்றார், ஒரு தோள் நனைந்தபடி. ஹரூக்கோ நம் நோட்டு, ஜன்னல்காரர், ஆமை எல்லாவற்றையும் ஆங்கிலத்தில் சொன்னார். முன் வரிசைத் தாத்தா ஒருவர் அந்தப் பெயரைச் சொல்லிப் பார்த்தார். சரியாக வரவில்லை. நீங்கள் திருத்தினீர்கள். அப்புறம் அறையே சொன்னது.

இர்விங் போனபிறகு ஒவ்வொரு ஞாயிறும் பேசினோம். “ட்ரங்க் கால் ஃப்ரம் இர்விங், டீச்சர் இருக்காங்களா?” என்றுதான் எப்போதும் ஆரம்பிப்பீர்கள். அங்கே வெயில் அதிகம், நூலகத்தில் ஜப்பானியப் படம் இல்லை, மகன் வாங்கித் தருகிறான் என்பீர்கள். இருபத்து மூன்று படம் ஆகியிருந்தது. அக்டோபரில் ஒரு ஞாயிறு போன் வந்தது. உங்கள் மகன் பேசினார். மதியம் சாப்பிட்டுப் படுத்தீர்கள், எழுந்திருக்கவில்லை. என் எண்ணை உங்கள் போனில்தான் தேடி எடுத்தாராம். உங்கள் போனில் என் எண்ணை ‘பி.பி. கால் டீச்சர்’ என்று பதிந்து வைத்திருந்தீர்களாம். அதைச் சொன்னதும் அவரும் சிரித்துவிட்டார், நானும்.

இனி போன புதன்கிழமைக்கு வருகிறேன். உங்களுக்கு இந்தச் சேதியைச் சொல்லத்தான் இவ்வளவும் எழுதினேன்.

புதிய படம். நம் நோட்டில் இல்லாதது. முக்கால் மணி நேரம் தேடியும் அவரைக் காணோம். மேஜைக்குப் பின்னால் இல்லை, கூட்டத்தில் இல்லை, பிணங்களிலும் இல்லை. தேடிக் களைத்து, உங்களை மாதிரியே கண்ணை மூடிக்கொண்டேன். ஒரு விடுதியில் யாரோ கதவைத் தட்டுகிறார்கள். உள்ளிருந்து, “இதோ வருகிறேன்” என்று ஒரு குரல். கண்ணைத் திறந்தால் சப்டைட்டிலில் அந்த வரி மட்டும்; கதவு திறக்கவில்லை. காட்சி மாறிவிட்டது. அவ்வளவுதான் அவர் வேடம். படத்தில் அவர் முகமே இல்லை.

நான் பக்கத்து நாற்காலியைத் தட்டிவிட்டேன் அக்கா. மேல்சட்டையைத்தான் தட்டினேன். ஆனால் எனக்குச் சந்தேகமே இல்லை. படம் முடிந்ததும் ஹரூக்கோவை உட்காரவைத்து நடிகர் பட்டியலுக்குத் திரும்பப் போகச் சொன்னேன். கடைசிக்கு முந்தின வரியில் மலையும் பெட்டியும், கூரை வைத்த வீடும். எழுந்து நின்று பெயரைச் சொன்னேன். உங்கள் குரல் எனக்கு வராது. ஆனால் முன் வரிசைத் தாத்தா திரும்பி என்னோடு சேர்ந்து சொன்னார், இப்போது சரியாக.

இருபத்து நான்காவது வரியில் எழுதிவிட்டேன். வாய் திறந்தது ஒரு முறை. உயிரோடு இருந்தார்.

இதைப் படிக்கிறவர்களுக்கு ஒரு சின்ன வீட்டுப்பாடம். அடுத்த முறை ஒரு படம் பார்த்து முடித்ததும் உடனே எழுந்துவிடாதீர்கள். ஓடுகிற பட்டியலில் உங்களுக்குத் தெரியாத ஒரு பெயரைப் பிடித்து, ஒரே ஒரு முறை உரக்கச் சொல்லுங்கள்.